ஓர் எழுத்து தப்பினால் காலமே தப்பும்!

கதை 1965-ல் நடக்கிறது. தெருமுனையில் ஒரு டீக்கடை. பித்தளை பாய்லர் பளபளக்கிறது. பெஞ்சில் உட்கார்ந்திருப்பவரின் வேட்டிகூட சரியான பழுப்பில் இருக்கிறது. வாசலில் சாய்த்துவைத்த பலகையில், ‘காலை டிபன் தயார்’ என்று அழகாக எழுதியிருக்கிறது. பார்க்கிறவர்களுக்கு எல்லாமே கச்சிதம். ஆனால், அந்தப் பலகையில் இருக்கும் ‘லை’ என்ற ஒரே எழுத்து மொத்தக் கடையையும் காட்டிக்கொடுத்துவிடும்.

ஏனென்றால், 1965-ல் பெயின்ட்டர் அப்படி எழுதியிருக்க மாட்டார். அன்றைக்கு லை, ளை, ணை, னை ஆகிய எழுத்துகளுக்குத் தனியாக ஐகாரக் கொம்பு கிடையாது. எழுத்தின் தலையிலேயே யானைத் தும்பிக்கை மாதிரி ஒரு வளைவு ஏறி நிற்கும். ணா, றா, னா போன்றவையும் இப்போது இருக்கிற மாதிரி கால் போட்டு வராது. எழுத்தோடு சேர்ந்த சுழியாக இருக்கும். 1978-ல் எம்.ஜி.ஆர் ஆட்சியில் வந்த அரசாணைதான் இன்று நாம் எழுதும் வடிவத்தைப் பள்ளிக்கூடத்துக்கும் அரசு அலுவலகத்துக்கும் கொண்டுவந்தது. சந்தேகம் இருந்தால் பாட்டி பத்திரமாக வைத்திருக்கும் பழைய புத்தகத்தை ஒருமுறை புரட்டிப் பாருங்கள்.

இதில் இன்னொரு சுவாரஸ்யமும் உண்டு. அதே 1965-ல், அதே தெருவில், பெரியாரின் பத்திரிகையைப் படித்துக்கொண்டிருக்கும் ஒருவரைக் காட்டினால், அவர் கையில் இருக்கும் தாளில் ‘லை’ இன்றைய வடிவில் இருப்பதுதான் சரி. 1935-லேயே தன் பத்திரிகையில் அந்தச் சீர்திருத்தத்தைக் கொண்டுவந்துவிட்டார் அவர். ஆக, ஒரே தெருவில் கடைப் பலகைக்கு ஓர் எழுத்து, கையில் இருக்கும் தாளுக்கு வேறு எழுத்து. சரித்திரப் படத்துக்குச் செட் போடுவது என்றால் இதுதான். கோட்டை கட்டுவதைவிட இந்த ‘லை’யைச் சரியாக எழுதுவதுதான் கஷ்டம்!

முன்பு தியேட்டரில் ஒரு ஷாட் இரண்டு நொடியில் கடந்துபோகும். யாரும் கவனிக்க மாட்டார்கள். இப்போது எல்லோருடைய கையிலும் மொபைல். படத்தை நிறுத்தி, இரண்டு விரலால் பெரிதாக்கி, ஓரத்தில் இருக்கும் ஸ்விட்ச் போர்டைக்கூட ஆராய்ச்சி செய்துவிடுகிறார்கள்.

இல்லாததை இல்லாமல் வைப்பது

ஒரு கலை இயக்குநர் பழைய காலத்தைக் கட்ட ஆரம்பிக்கும்போது முதலில் போடும் பட்டியல், ‘என்னவெல்லாம் வேண்டும்’ என்பது அல்ல. ‘என்னவெல்லாம் இருக்கக் கூடாது’ என்பதுதான்.

உதாரணமாக, சோழர் காலத்துச் சமையலறை. விறகு அடுப்பு, மண் பானை, அம்மி எல்லாம் வைத்தாயிற்று. ஓரத்தில் அழகுக்காக ஒரு முறம் நிறையச் சிவப்பு மிளகாய் வைத்தால் தீர்ந்தது கதை. மிளகாய், தக்காளி, உருளைக்கிழங்கு, முந்திரி, பப்பாளி, கொய்யா, அன்னாசி... இவை எல்லாமே அமெரிக்கக் கண்டத்துச் சரக்கு. 1498-ல் வாஸ்கோடகாமா கோழிக்கோட்டுக்கு வந்த பிறகுதான், போர்த்துக்கீசியர்கள் மூலம் ஒவ்வொன்றாக இங்கே கரையேறின. ராஜராஜன் சாப்பிட்டது மிளகுக் காரம்தான்!

செடி, கொடிகளும் இப்படித்தான் சாட்சி சொல்லும். அரண்மனை நந்தவனத்தில் பூத்துக் குலுங்கும் காகிதப் பூ (போகன்வில்லா) தென் அமெரிக்காவைச் சேர்ந்தது. மலைக்காட்சி வேண்டும் என்று ஊட்டிப் பக்கம் போனால், பச்சைக் கம்பளமாகத் தேயிலைத் தோட்டம் வந்து நிற்கும். அது 19-ம் நூற்றாண்டுச் சமாசாரம். பின்னால் உயர்ந்து நிற்கும் யூகலிப்டஸ் ஆஸ்திரேலியாவிலிருந்து வந்தது. எல்லாவற்றையும்விடப் பெரிய வில்லன், சீமைக் கருவேலம். தென் மாவட்டங்களில் எந்தப் பக்கம் கேமராவைத் திருப்பினாலும் ஃபிரேமுக்குள் எட்டிப்பார்க்கும் இந்த மரம், 19-ம் நூற்றாண்டின் பிற்பகுதியில்தான் இந்தியாவுக்கு வந்தது. 1799-ல் கயத்தாறில் தூக்கிலிடப்பட்ட கட்டபொம்மன், தன் வாழ்நாளில் ஒரு சீமைக் கருவேல மரத்தைக்கூடப் பார்த்திருக்க மாட்டார்.

கிட்டத்துக் காலம் என்றால் சிக்கல் இன்னும் அதிகம். அதை நேரில் பார்த்தவர்கள் வீட்டிலேயே இருக்கிறார்கள். தாத்தா சோபாவில் உட்கார்ந்துகொண்டே, ‘அப்ப ஏதுடா இது?’ என்று கேட்டுவிடுவார். மதராஸில் தூர்தர்ஷன் ஒளிபரப்பு தொடங்கியது 1975 ஆகஸ்ட் 15-ல். அதற்கு முந்தைய கதையில் மொட்டை மாடியில் டி.வி ஆன்டெனா தெரிந்தால் தப்பு. கடிதத்தில் பின்கோடு எழுதும் பழக்கம் 1972-க்குப் பிறகு வந்தது. 1957 ஏப்ரல் முதல் தேதிக்கு முன்னால் கடைக்காரர் கேட்பது அணாவில்தான். அதற்குப் பிறகு நயா பைசா. ‘தமிழ்நாடு’ என்று அரசுப் பலகை வைக்க வேண்டுமென்றால் கதை 1969-ஐத் தாண்டியிருக்க வேண்டும். லாரியின் நம்பர் பிளேட்டில் ‘டி.என்’ என்று ஆரம்பித்து மாவட்ட எண் வரும் முறை 1989-ல்தான் வந்தது.

அரண்மனை எங்கே?

கிட்டத்துக் காலத்துக்குச் சாட்சி அதிகம் என்பது சிக்கல் என்றால், தூரத்துக் காலத்துக்குச் சாட்சியே இல்லை என்பது சிக்கல். சோழர்கள் கட்டிய கோயில்கள் ஆயிரம் வருடங்களாக நிற்கின்றன. ஆனால், சோழ மன்னன் குடியிருந்த ஓர் அரண்மனைகூட இன்றைக்கு இல்லை.

கங்கைகொண்ட சோழபுரம் பக்கத்தில் மாளிகைமேடு என்ற இடத்தில் தொல்லியல் துறை தோண்டியபோது செங்கல் சுவர்களின் அடிப்பகுதி, கூரை ஓடுகள், இரும்பு ஆணிகள், சீனத்துப் பீங்கான் துண்டுகள் எல்லாம் கிடைத்தன. அதாவது, கல் தெய்வத்துக்கு. மன்னனுக்கே செங்கல்லும் மரமும் ஓடும்தான். மரம் மக்கிவிட்டது. செங்கல்லை அடுத்தடுத்து வந்தவர்கள் பெயர்த்து எடுத்துக்கொண்டார்கள். ஆனால், சினிமாவில் சோழ அரண்மனை என்றாலே கண் முன் வருவது கருங்கல் கோட்டையும், வளைவு வளைவான மண்டபங்களும்தான். அந்த வளைவுகளில் பெரும்பாலானவை மதுரை திருமலை நாயக்கர் மகாலை நினைவுபடுத்துபவை. மகால் கட்டப்பட்டது 17-ம் நூற்றாண்டில். ராஜராஜனுக்கும் அதற்கும் நடுவே 600 வருட இடைவெளி!

சரி, அரண்மனையே இல்லாதபோது எதைப் பார்த்துச் செட் போடுவது? துப்பு இருக்கிறது. ஆனால், துப்பறிய வேண்டும்.

மாமல்லபுரத்தின் ஐந்து ரதங்களில் மிகச் சிறியதான திரௌபதி ரதத்தைப் பாருங்கள். அது கல்லில் செதுக்கிய ஓலைக் குடிசை. பக்கத்தில் இருக்கும் பெரிய ரதங்களின் கூரை, உத்தரம், விட்டம் எல்லாமே மரவேலையைப் பார்த்துக் கல்லில் செய்தவை. 7-ம் நூற்றாண்டின் தச்சர்கள் மரத்தில் என்ன செய்தார்கள் என்பதற்குச் சிற்பிகள் எடுத்துவைத்த நகல் அது. மரம் அழிந்துவிட்டது, நகல் நிற்கிறது.

தஞ்சைப் பெரிய கோயிலின் கருவறையைச் சுற்றியுள்ள இருட்டுப் பாதையில், நாயக்கர் கால ஓவியத்துக்கு அடியில் சோழர் ஓவியங்கள் ஒளிந்திருப்பதை 1931-ல் எஸ்.கே.கோவிந்தசாமி கண்டுபிடித்தார். ஆயிரம் வருடத்துக்கு முந்தைய மனிதர்கள் எப்படிக் கொண்டை போட்டார்கள், எந்த நகையை எங்கே அணிந்தார்கள் என்பதற்கு இதைவிட நேரடி சாட்சி கிடையாது. அதே கோயிலின் கல்வெட்டுகளோ ஒரு கணக்குப்பிள்ளையின் நோட்டுப் புத்தகம் மாதிரி. எத்தனை பாத்திரம், என்ன எடை, எந்த நகையில் எத்தனை முத்து என்று வரிசையாகச் சொல்கின்றன. கோயிலில் ஆட வந்த 400 தளிச்சேரிப் பெண்களின் பெயரும், அவர்கள் எந்த ஊர்க் கோயிலிலிருந்து வந்தார்கள், எந்தத் தெருவில் எத்தனையாவது வீட்டில் குடியிருந்தார்கள் என்பதும்கூட அதில் இருக்கின்றன. ஒரு தெருவையே மறுபடி கட்டுவதற்கு இவ்வளவு விவரம் கையில் இருக்கிறது!

இன்னொரு வேடிக்கை. ‘பொன்னியின் செல்வன்’ கதை நடக்கும்போது தஞ்சையில் பெரிய கோயில் கிடையாது. ராஜராஜன் அரியணை ஏறியது 985-ல். கோயில் நிறைவுபெற்றது 1010-ல். தஞ்சாவூர் என்றதும் உலகமே நினைக்கும் அந்தக் கோபுரத்தைத் தவிர்த்துவிட்டு ‘இதுதான் தஞ்சாவூர்’ என்று நம்பவைக்க வேண்டும். மணிரத்னம் இயக்கிய படத்துக்குக் கலை இயக்குநராக இருந்த தோட்டா தரணியின் முன்னால் இருந்த சவால்களில் இதுவும் ஒன்று.

அசல் இடமும் ஏமாற்றும்

‘எதற்கு வீண் செலவு? அந்த இடத்துக்கே போய்ப் படம் எடுத்துவிடலாமே’ என்று தோன்றலாம். ஆனால், அசல் இடம்தான் பல நேரம் அதிகமாக ஏமாற்றும்.

பாஞ்சாலங்குறிச்சிக்குப் போனால் ஒரு கோட்டை இருக்கிறது. ஆனால், கட்டபொம்மனின் கோட்டையை ஆங்கிலேயர்கள் தரைமட்டம் ஆக்கிவிட்டார்கள். இப்போது நிற்பது 1974-ல் தமிழக அரசு கட்டிய நினைவுக் கோட்டை. அந்தமான் செல்லுலார் சிறைக்குப் போனால் மூன்று சிறகுகள்தான் இருக்கின்றன. 1906-ல் கட்டி முடித்தபோது இருந்தவை ஏழு. நட்சத்திர மீன் மாதிரி ஏழு கைகளோடு இருந்த அந்தப் பயங்கரத்தை இன்றைக்கு யாரும் நேரில் பார்க்க முடியாது. அந்தச் சிறையைக் களமாக வைத்து, 1915-ல் நடக்கும் கதையாக 1996-ல் வெளிவந்த ‘காலாபானி’ (தமிழில் ‘சிறைச்சாலை’) படத்துக்காகக் கலை இயக்குநர் சாபு சிரிலுக்குத் தேசிய விருது கிடைத்தது.

சென்னை மவுன்ட் ரோட்டின் கதையும் இதேதான். 1940-களின் கதை என்றால் 14 மாடி எல்.ஐ.சி கட்டடம் இருக்கக் கூடாது. அது 1959-ல் திறக்கப்பட்டது. ஆனால், அன்று இருந்த பழைய ஸ்பென்சர் கட்டடம் இருக்க வேண்டும். அது 1983-ல் எரிந்துபோனது. சென்ட்ரல் பக்கத்தில் மூர் மார்க்கெட் இருக்க வேண்டும். அது 1985-ல் எரிந்துபோனது. சாலை நடுவே டிராம் ஓட வேண்டும். அது 1953-லேயே நின்றுபோனது. இருப்பதை மறைத்து, இல்லாததைக் கட்டினால்தான் அது மதராஸ். 2010-ல் வந்த ‘மதராசபட்டினம்’ படத்துக்காகக் கலை இயக்குநர் செல்வக்குமாரின் குழு அந்த டிராமைத் திரும்ப ஓடவிட்டபோது, தியேட்டரில் பல பெரியவர்களின் முகத்தில் ஒரு வெளிச்சம் வந்தது. தாங்கள் ஏறி இறங்கிய வண்டியை அவர்கள் பேரப்பிள்ளைகளுக்குக் காட்ட முடிந்தது.

மும்பை தாராவியின் கணிசமான பகுதி சென்னையில் கட்டப்பட்ட கதையும் உண்டு. 1987-ல் ‘நாயகன்’ படத்துக்காகத் தோட்டா தரணி சென்னை வீனஸ் ஸ்டுடியோவில் தாராவியைக் கட்டினார். தேசிய விருதும் வாங்கினார். 31 வருடம் கழித்து ‘காலா’ படத்துக்காகக் கலை இயக்குநர் த.ராமலிங்கம் மறுபடி ஒரு தாராவியைச் சென்னையின் புறநகரில் கட்டினார். அசல் தாராவியில் லட்சக்கணக்கான ஜனங்கள் வாழ்கிறார்கள், வேலை பார்க்கிறார்கள். அவர்களின் சந்துக்குள் மாதக்கணக்கில் லைட்டும் கிரேனும் கொண்டுபோய் நிறுத்த முடியாது.

வெளிநாட்டு சீரியல்களிலும் இதே கதைதான். 2019-ல் வந்த ‘செர்னோபில்’ தொடர், 1986-ல் சோவியத் யூனியனின் உக்ரைனில் நடந்த அணு உலை விபத்தைச் சொல்கிறது. அசல் ஊரான பிரிப்யாத் இன்று காடு மூடிக் கிடக்கிறது. ஜனங்கள் குடியிருந்த நகரமாக அதைக் காட்ட முடியாது. எனவே, லிதுவேனியாவின் தலைநகர் வில்னியஸில், சோவியத் காலத்தில் கட்டிய ஒரு குடியிருப்புப் பகுதியை பிரிப்யாத் ஆக்கினார்கள். அதே நாட்டில் மூடப்பட்டுக் கிடந்த, அதே வகையைச் சேர்ந்த இக்னாலினா அணுமின் நிலையத்தில் படம் பிடித்தார்கள். ஊர் வேறு, ஆனால், சுவரும் ஜன்னலும் மாடிப்படியும் அதே காலத்தின் பிள்ளைகள்.

பழசு அன்றைக்குப் புதுசு

சரித்திரப் படம் என்றதும் எல்லாவற்றையும் அழுக்காக்கிவிடுவது ஒரு பழக்கம். சுவரில் பாசி, கதவில் துரு, தூணில் விரிசல். ஆனால், யோசித்துப் பாருங்கள்... 1010-ல் பெரிய கோயில் புத்தம் புதுக் கட்டடம்! ஆயிரம் வருட வெயிலும் மழையும் படாத கல். 1945-ல் வாங்கிய கார், 1945-ல் ஷோரூம் மெருகோடுதான் இருந்திருக்கும்.

அதேபோல, 1980-ல் நடக்கும் கதையின் வீட்டில் 1980-ல் வாங்கிய பொருள் மட்டுமே இருக்காது. அம்மாவின் சீதனமாக வந்த பித்தளை அண்டா 1950-ஐச் சேர்ந்ததாக இருக்கும். தாத்தாவின் ஈஸி சேர் அதற்கும் முந்தையது. புதிதாக வந்த டிரான்சிஸ்டர் மட்டும் பளபளப்பாக, துணி உறை போட்டு, அலமாரியின் நல்ல இடத்தில் இருக்கும். எது பழசு, எது புதுசு, எதை அந்தக் குடும்பம் பெருமையாக நினைத்தது என்பது தெரிந்தால்தான் அந்த அறைக்கு உயிர் வரும். 1980 மதுரையைக் காட்டிய ‘சுப்ரமணியபுரம்’ (2008) படத்தில் தியேட்டர் வாசலில் ‘முரட்டுக்காளை’ ரிலீஸ் அமர்க்களம் வரும். அந்தப் படம் நிஜமாகவே 1980 டிசம்பரில் வெளியானது. பெல்பாட்டமும் தாடியும் மட்டுமல்ல, அந்த வருடம் அந்த ஊர் எதற்காகக் கூடி நின்றது என்பதும் செட்டின் ஒரு பகுதிதான்.

இந்த உயிரைக் கொண்டுவருகிற கைகள் பல. முதலில் ஆராய்ச்சி. 1858-ல் லின்னேயஸ் டிரைப் என்ற ஆங்கிலேய ராணுவ அதிகாரி கேமராவைத் தூக்கிக்கொண்டு மதுரையிலும் தஞ்சையிலும் எடுத்த புகைப்படங்கள் முதல், எழும்பூர் அருங்காட்சியகத்தின் வெண்கலச் சிலைகள் வரை எல்லாம் பார்க்கப்படும். பிறகு கலை இயக்குநர் வரைந்து காட்டுவார். அப்புறம்தான் தச்சர் வருவார். சவுக்குக் கட்டையிலும் பிளைவுட்டிலும் எலும்புக்கூடு எழும்பும். மோல்டிங் ஆட்கள் களிமண்ணில் சிற்பம் செய்து, அச்சு எடுத்து, பிளாஸ்டர் ஆஃப் பாரிஸிலும் ஃபைபரிலும் வார்ப்பார்கள். பெயின்ட்டர் வந்து மரத்தைக் கல்லாக்குவார். பிளைவுட்டைத் தேக்கு ஆக்குவார். கடைசியில் ‘ஏஜிங்’. டீ டிகாக்‌ஷன், கரி, மண், உப்புத்தாள் எல்லாம் வைத்து, மனிதக் கை அதிகம் படும் இடத்தை மட்டும் வழுவழுப்பாக்குவது. கதவில் எங்கே கை படும், சுவரில் எங்கே தலை சாயும், படியில் எந்தப் பக்கம் தேயும் என்று வாழ்க்கையைக் கவனித்தவரால்தான் அதைச் செய்ய முடியும்.

பூம்புகாரில் பிறந்து, சென்னை கவின்கலைக் கல்லூரியில் படித்த பி.கிருஷ்ணமூர்த்தி இந்த வித்தையில் பெரிய ஆள். கன்னடத்தில் ‘மத்வாச்சார்யா’, மலையாளத்தில் ‘ஒரு வடக்கன் வீரகாதா’, தமிழில் ‘பாரதி’ என்று வெவ்வேறு நூற்றாண்டுகளைக் கட்டித் தேசிய விருதுகள் பெற்றவர். அதே மனிதர் ‘இம்சை அரசன் 23-ம் புலிகேசி’க்கும் கலை இயக்குநர். சிரிப்புப் படம் என்றாலும் அந்த அரண்மனை நிஜம்போல இருந்ததால்தான் அதற்குள் நடந்த கோமாளித்தனத்துக்கு அவ்வளவு சிரிப்பு வந்தது!

எங்கே பொய் சொல்லலாம்?

எல்லாமே நூறு சதவிகிதம் சரியாக இருந்துவிட்டால் படம் எடுக்கவே முடியாது. சோழர் கால இரவு என்றால் எண்ணெய் விளக்குதான். அந்த வெளிச்சத்தில் சாதாரணக் கேமராவுக்கு மூக்கு எது, முழி எது என்று தெரியாது. 1975-ல் ஸ்டான்லி குப்ரிக் ‘பேரி லிண்டன்’ படத்தில் 18-ம் நூற்றாண்டு இரவுகளை மெழுகுவத்தி வெளிச்சத்திலேயே எடுக்க ஆசைப்பட்டார். அதற்காக, அமெரிக்க விண்வெளி நிறுவனமான நாசாவுக்காகத் தயாரிக்கப்பட்ட சிறப்பு லென்ஸை வாங்கி, கேமராவையே மாற்றியமைக்க வேண்டியிருந்தது. எல்லோராலும் அது முடியாது. மற்றவர்கள் விளக்குக்குப் பின்னால் ஒரு லைட்டை ஒளித்துவைத்துக் கொள்கிறார்கள். அது நேர்மையான பொய்.

‘டைட்டானிக்’ இன்னும் நல்ல உதாரணம். ஜேம்ஸ் கேமரூன் 1995-ல் 12 முறை கடலுக்கு அடியில் போய், மூழ்கிய கப்பலை நேரில் பார்த்தார். மெக்ஸிகோ கடற்கரையில் கிட்டத்தட்ட முழு அளவில் கப்பலைக் கட்டினார்கள். ஆனால், வலப் பக்கம் மட்டும்தான் முழுமையாகக் கட்டப்பட்டது. 1912-ல் சவுத்தாம்ப்டன் துறைமுகத்தில் கப்பல் நின்றதோ இடப் பக்கமாக. என்ன செய்வது? அந்தக் காட்சியை அப்படியே எடுத்து, கண்ணாடியில் தெரிவது மாதிரி இடம் வலமாகத் திருப்பிவிட்டார்கள். அதற்காகப் பெயர்ப் பலகைகளின் எழுத்துகளை எல்லாம் திருப்பி எழுதினார்கள். திரையில் எல்லாம் நேராகிவிட்டது!

புகழ்பெற்ற அந்த மாடிப்படியும் அசலைவிடச் சற்றுப் பெரிதாகவே கட்டப்பட்டது. இன்றைய மனிதர்கள் 1912-ன் மனிதர்களைவிட உயரம். அசல் அளவிலேயே கட்டினால் படி சின்னதாகத் தெரிந்துவிடும். அதாவது, சரியாகத் தெரிவதற்காக ஒரு தப்பு. இத்தனை கவனித்தும் ஒன்று தப்பிவிட்டது. கதாநாயகி கடலில் மிதந்தபடி அண்ணாந்து பார்க்கும் வானத்தில் நட்சத்திரங்கள் அந்த ராத்திரிக்கு உரிய இடத்தில் இல்லை என்று வானியலாளர் நீல் டிகிராஸ் டைசன் சுட்டிக்காட்டினார். 2012-ல் படம் 3டி-யில் மறுபடி வந்தபோது வானம் திருத்தப்பட்டது.

இதிலிருந்து ஒரு கணக்கு புரியும். பார்ப்பவருக்கு உண்மையைப் புரியவைக்கச் சொல்லும் பொய் வேறு. உண்மையை மறைக்கச் சொல்லும் பொய் வேறு.

யாருடைய வீடு அது?

அந்த இரண்டாவது பொய்தான் ஆபத்தானது. மிளகாய் தப்பாக வந்துவிட்டால் நான்கு பேர் சிரிப்பார்கள், அவ்வளவுதான். ஆனால், ஒரு காலத்தின் தெருவில் யார் நடக்கலாம், யார் நடக்கக் கூடாது என்பதைச் செட் மறைத்துவிட்டால், அடுத்த தலைமுறை அந்தக் காலத்தையே தப்பாக நினைவில் வைத்துக்கொள்ளும்.

‘அந்தக் காலத்து கிராமம்’ என்றால் திண்ணை, கோலம், மாட்டு வண்டி, ஆற்றங்கரை என்று அழகாக மட்டும் காட்டுவது சுலபம். அதே கிராமத்து டீக்கடையில் சிலருக்குத் தனி கிளாஸ் இருந்தது. சில தெருக்களின் முனையில் செருப்பைக் கழற்றிக் கையில் எடுத்துக்கொள்ள வேண்டியிருந்தது. ஊர் என்று ஒன்றும், சேரி என்று ஒன்றும் தனித்தனியாக இருந்தன. கிணறும் தனித்தனி. இவை எல்லாம் வசனத்தில் வருவதற்கு முன்னால் செட்டில் வர வேண்டியவை. ஒரு தனி கிளாஸை ஆணியில் தொங்கவிடுவதற்கு என்ன செலவு ஆகிவிடும்? செலவு ஆகாது. துணிச்சல்தான் ஆகும்.

பாலாவின் ‘பரதேசி’ (2013), 1939-ல் ஆரம்பித்துத் தேயிலைத் தோட்டத்துக் கூலிகளின் கதையைச் சொன்னது. அதுவரை சினிமாவுக்குத் தேயிலைத் தோட்டம் என்றால் டூயட் பாடும் இடம். அந்தப் படத்தில்தான், அதே பச்சைக்கு நடுவே இருந்த லயத்து வீடுகளும், குளிரும், கொள்ளை நோயும் கண்ணில் பட்டன. ‘சார்பட்டா பரம்பரை’ (2021), 1970-களின் வடசென்னையைக் கட்டியபோது, குத்துச்சண்டை மேடையை மட்டும் கட்டவில்லை. நெருக்கடி நிலைக் காலத்து அரசியல் தெருவுக்குள்ளும் வீட்டுக்குள்ளும் எப்படி வந்து நின்றது என்பதையும் சேர்த்தே கட்டியது. தங்கள் தாத்தா வாழ்ந்த தெரு, சினிமாவில் முதல் முறையாக மரியாதையோடு வந்திருப்பதைப் பல குடும்பங்கள் பார்த்தன.

பள்ளிக்கூடத்துச் சரித்திரப் புத்தகம் பரீட்சை முடிந்ததும் பரணுக்குப் போய்விடுகிறது. மனதில் தங்குவது பார்த்த படம்தான். ‘கப்பலோட்டிய தமிழன்’ பார்த்த தலைமுறைக்கு வ.உ.சி என்றால் இன்றைக்கும் சிவாஜியின் முகம்தான் வருகிறது. நாளைக்கு ஒரு குழந்தை சோழர் காலம் எப்படி இருந்தது என்று கண்ணை மூடிக் கற்பனை செய்தால், அதற்குள் வரப்போவது ஏதோ ஒரு கலை இயக்குநர் கட்டிய தெரு. இது எவ்வளவு பெரிய பொறுப்பு!

பிரிக்கப்படும் ஊர்கள்

இவ்வளவு பாடுபட்டுக் கட்டிய ஊருக்கு ஆயுள் சில வாரங்கள். மிஞ்சினால் சில மாதங்கள். கடைசி ஷாட் ஓகே ஆனதும் செட்டைப் பிரிக்க ஆட்கள் வருவார்கள். சவுக்குக் கட்டைகள் அடுத்த படத்துக்குப் போகும். பிளைவுட்டில் நல்லதைப் பிரித்தெடுத்துக்கொள்வார்கள். நேற்று வரை கோயிலாக இருந்த பிளாஸ்டர் ஆஃப் பாரிஸ் தூள் தூளாகிக் குப்பை லாரியில் ஏறும். ஒரு தூணுக்கு ஏழு நாள் பாடுபட்ட மோல்டிங் தொழிலாளியின் பெயர், டைட்டில் கார்டில் கண் சிமிட்டும் நேரத்தில் ஓடிவிடும். பல நேரம் அதுவும் வராது.

இதில் ஒரு விநோதமான சோகம் உண்டு. செட்டைப் பிரிக்கும் அதே வேகத்தில் நிஜ ஊர்களும் பிரிந்துகொண்டிருக்கின்றன. மெட்ராஸ் டெரஸ் வீடுகள் அப்பார்ட்மென்ட் ஆகிவிட்டன. காரைக்குடியில் இடிக்கப்பட்ட வீடுகளின் தேக்குத் தூண்களும் கதவுகளும் பழம்பொருள் கடைகளில் வரிசையாக நிற்கின்றன. தும்பிக்கை ‘லை’ எழுதத் தெரிந்த கடைசிப் பெயின்ட்டர்கள் ஃபிளெக்ஸ் பேனர் வந்ததும் தூரிகையைக் கீழே வைத்துவிட்டார்கள். இனி ஒரு கலை இயக்குநர் 1965-ன் தெருவைக் கட்ட நினைத்தால், யாரைக் கேட்பார்? எதைப் பார்ப்பார்?

அதற்கான பதில் சினிமா கம்பெனிகளிடம் இல்லை. நம் வீடுகளில் இருக்கிறது. பரணில் கிடக்கும் கல்யாண ஆல்பத்தில், மாப்பிள்ளை பெண்ணுக்குப் பின்னால் தெரியும் சுவரில் என்ன காலண்டர் தொங்குகிறது? பந்திப் படத்தில் இலைக்குப் பக்கத்தில் இருப்பது என்ன டம்ளர்? மளிகைக் கடை சிட்டை, பழைய ரேஷன் கார்டு, பஸ் டிக்கெட், ஊர்த் திருவிழா நோட்டீஸ்... இவை எல்லாம் ஒரு செட்டுக்கான ஆவணங்கள். அடுத்த முறை வீடு சுத்தம் செய்யும்போது அவற்றைப் பழைய பேப்பர்காரரிடம் போடுவதற்கு முன்னால் மொபைலில் ஒரு படம் எடுத்துவையுங்கள். அந்தப் படத்தில் யார் இருக்கிறார்கள், எந்த ஊர், எந்த வருடம் என்று பெரியவர்களிடம் கேட்டு, அவர்கள் சொல்லும்போதே ஒரு வரி எழுதிவையுங்கள். சொல்வதற்கு அவர்கள் இருக்கும்போதே கேட்டுவிட வேண்டும். அது மட்டும் எந்தக் கலை இயக்குநராலும் திரும்பக் கட்ட முடியாதது.